நானாவின் கடையில் வாங்கிய "சரடோகா" கையுறை

மின்விசிறிக்கு ரெகுலேற்றர் வாங்கப் போனேன். வாங்கி வந்தது பேஸ்போல் கையுறை. அந்தக் கடை எப்படிப்பட்டது என்பதற்கு இது போதும். ரெகுலேற்றரும் வாங்கினேன்தான், அந்தக் கதை பிறகு.

கடை திருகோணமலை மத்திய வீதியிலிருந்து உள்ளே இறங்கும் ஒரு ஒழுங்கையில் இருக்கிறது. பெயர்ப்பலகை கிடையாது. வாசலில் வோஷிங் மெஷின் டிரம் ஒன்று நிற்கும், அதற்குள் பழைய குடைக் கம்பிகள். நான் போன நாள் ஒரு மான் காட்போட் பெட்டியை மென்றுகொண்டு நின்றது. வெளியூர்க்காரர் படம் எடுப்பார்கள். நாங்கள் பையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு விலகிப் போவோம். உள்ளே தையல் மெஷின் கால்கள், ஊசி இல்லாத ரேடியோ, கைபிடி இல்லாத இஸ்திரிப்பெட்டி, மீன்பிடி வள்ளத்து இன்ஜினின் ஏதோ ஒரு பாகம். தராதரம் பிரித்து வைக்கிற பழக்கம் கடைக்கார நானாவுக்கு இல்லை. எல்லாவற்றுக்கும் மேலே ஒரு ஆணி, அந்த ஆணியில் கையுறை.

நானா கவனித்துவிட்டார். கண் எங்கே போகிறது என்று பார்ப்பதில் அவரை மிஞ்ச ஆளில்லை.

"ஐயா, அது லேசுப்பட்ட சாமான் இல்ல. சண்ட நேரம் அமெரிக்கன் கப்பல் ஒண்டு வந்திச்சே, சரடோகா, அதில வந்த கப்பல்காரன்ட கையுற. வாப்பா துறைமுகத்தில வேல செஞ்ச நேரம் அவன் குடுத்தது."

"எந்த வருஷம் நானா?"

"நாப்பத்திநாலு."

ஏழாயிரம் சொன்னார். பிளேன்டீ வந்தது. குடித்து முடிக்கும்போது மூவாயிரத்தி இருநூறில் நின்றோம். விலை பேசும்போது கோபப்படாத வியாபாரி. அதற்கு ஒரு புள்ளி கூடப் போடலாம்.

ஒன்று சொல்ல வேண்டும், நானா கதையை வெறுங்காற்றில் கட்டவில்லை. சரடோகா என்ற அமெரிக்க விமானந்தாங்கிக் கப்பல் மூன்று நாசகாரிகளோடு 1944 மார்ச் 31 இல் திருகோணமலைத் துறைமுகத்துக்கு வந்தது உண்மை. பிரிட்டிஷ்காரரின் இலஸ்ட்ரியஸ் கப்பலோடு சேர்ந்து போய் ஏப்ரல் 19 இல் சுமாத்திராவின் சபாங்கைத் தாக்கியதும் உண்மை. அந்தக் காலத்தில் ஏப்ரல்தான் அமெரிக்காவில் பேஸ்போல் தொடங்குகிற மாதம். கப்பலில் யாரோ ஒரு பையன் கையுறை வைத்திருந்தால் அதில் ஆச்சரியப்பட ஒன்றுமில்லை. பொய்க்கு ஒரு நங்கூரம் இருந்தால்தான் அது நிற்கும் என்பது நானாவுக்குத் தெரியும்.

நான் இருபத்தெட்டு வருஷம் ரயில்வேயில் கார்டாக இருந்தவன். இரவு மெயிலில் கல்லோயா தாண்டும்போது யார் என்ன கதை சொன்னாலும் டிக்கெட்டைத் திருப்பித் திகதி பார்க்கிற கை இது. பேஸ்போல் எனக்குத் தெரிந்தது ஓய்வு பெற்ற பிறகு. மகள் கனடாவில், ஸ்காபரோவில். ஆறு மாதம் போய் நின்றபோது வெளியில் பனி, உள்ளே பேரன், டீவியில் ரொறன்ரோ அணியின் பழைய ஆட்டங்கள். முதல் மாதம் ஒன்றும் விளங்கவில்லை. பள்ளிக்கூடத்தில் எல்லே என்ற எங்கள் நாட்டுப் பந்தாட்டம் விளையாடியவன் என்பதால் அடித்துவிட்டு ஓடுவது மட்டும் விளங்கியது. பிறகு பக்கத்து நூலகத்தில் பழைய வரலாறு வாசிக்கத் தொடங்கினேன். புதிய ஆட்டக்காரரை விடப் பழைய ஆட்கள்தான் எனக்குப் பிடித்தார்கள். ஏனென்றால் அவர்கள் ரயிலில் போனார்கள்.

இதைக் கொஞ்சம் சொல்லாமல் போக மாட்டேன். 1903 முதல் 1952 வரை பெரிய லீக்குகள் இரண்டிலும் 16 அணிகள், அவை 10 நகரங்களில். புரூக்ளினை நியூயோர்க்கோடு சேர்த்த கணக்கு இது. கிழக்கே பொஸ்டன், மேற்கே சென்ட் லூயிஸ், அவ்வளவுதான் எல்லை. ஐம்பது வருஷம் ஒரு அணிகூட ஊர் மாறவில்லை. இரவு ரயிலில் ஏறிப் படுத்தால் அடுத்த ஊரில் எழும்பி விளையாடலாம். லீக்கின் வரைபடம் என்பது ரயில்வே வரைபடம்தான். சண்டைக்காலத்தில் சிப்பாய்களுக்கும் சாமானுக்கும் ரயில் வேண்டும் என்று அரசாங்கம் நெருக்கியதால், 1943 முதல் 1945 வரை அணிகள் வெயிலான தெற்குக்குப் பயிற்சிக்குப் போகாமல் வடக்கின் குளிரிலேயே நின்று பயிற்சி எடுத்தன. 1945 இல் நட்சத்திர ஆட்டக்காரர் எல்லாரும் சேர்ந்து ஆடும் வருடாந்த ஆட்டத்தையே ரத்துச் செய்தார்கள். காரணம் பயணக் கட்டுப்பாடு. ரயிலில் இடமில்லை என்று ஒரு தேசத்தின் பெரிய ஆட்டம் நின்றுபோனது. இதை வாசித்த நாள் நான் மகளைக் கூப்பிட்டு வாசித்துக் காட்டினேன். அவள் "ஓம் அப்பா" என்றாள், வேறொன்றும் சொல்லவில்லை.

சரி, கையுறை.

வீட்டுக்கு வந்து மேசையில் வைத்து லைற் போட்டுப் பார்த்தேன். முதல் பார்வையில் நானாவின் பக்கம்தான் காற்று. கையுறை சின்னது. 1940களின் கையுறைகளும் இன்றையவை மாதிரிப் பெரியவை அல்ல. பஞ்சு அடைத்த, ஏறக்குறைய மனிதக் கை அளவான சாமான்கள். அந்தக் காலத்தில் துடுப்பெடுத்து ஆட வரும்போது கையுறையைக் கூடவே கொண்டுவருவதும் இல்லை. மைதானத்தின் புல்லிலேயே எறிந்துவிட்டு வருவார்கள், எதிரணிக்காரன் அதைச் சுற்றி ஓடுவான். 1954 இல்தான் அதைத் தடுத்து விதி போட்டார்கள். ஆட்டம் நடக்கும் இடத்தில் கையுறைகள் கிடக்க விளையாடினார்கள் என்றால் எங்கள் எல்லேக்காரர் சிரிப்பார்கள். எங்களுக்குக் கையுறையே கிடையாது, உள்ளங்கை சிவந்தால் சிவக்கட்டும்.

பிறகு விரல்களைப் பார்த்தேன். விரல் நுனிகள் நாலும் தோல் வாரால் ஒன்றோடொன்று கோர்த்திருந்தன. இங்கே நானாவின் கப்பல் தட்டியது. சண்டைக்காலக் கையுறையில் விரல்கள் பொதுவாகத் தனித்தனியே நிற்கும், கட்டைவிரலுக்கும் ஆட்காட்டி விரலுக்கும் இடையில்தான் ஒரு சின்ன வலை. விரல்களைச் சேர்த்துக் கட்டி, பஞ்சைக் குறைத்து, நடுவில் மடிந்து பந்தைக் கவ்வுகிற மாதிரி ஆழமான பையை வைத்தது பிற்காலத்து வேலை. 1957 இல் வந்த வில்சன் ஏ2000 என்ற கையுறைக்குப் பிறகு எல்லாரும் அந்த வழியில் போனார்கள். என் மேசையில் கிடந்தது அந்த வம்சத்துக் குட்டி.

கடைசியாக உள்ளங்கையில் இருந்த முத்திரை. கையெழுத்து மாதிரி அழுத்தியிருந்தது. முன்பாதி தேய்ந்துபோய்விட்டது. ரோர்ச்சைச் சாய்த்துப் பிடித்தால் கடைசி நாலு ஆங்கில எழுத்து தெரியும்: "ன்டில்". தேய்ந்த இடத்தில் பேப்பரை வைத்துப் பென்சிலால் உரசினேன், முன்னால் ஒரு பெரிய "மா".

மிக்கி மான்டில்.

நியூயோர்க் யாங்கீஸ் அணியின் மான்டில் பிறந்தது 1931 ஒக்டோபர் 20 இல். சரடோகா எங்கள் துறைமுகத்தில் நங்கூரம் போட்ட அன்று அவருக்கு வயது 12. ஒக்லஹோமாவில் கொமர்ஸ் என்ற சுரங்க ஊரில் பள்ளிக்கூடம் போய்க்கொண்டிருந்தார். தகப்பன் சுரங்கத் தொழிலாளி, மிக்கி கொக்ரேன் என்ற ஆட்டக்காரர் மீது பைத்தியம், அந்தப் பெயரையே பிள்ளைக்கு வைத்தவர். 12 வயதுப் பெடியனின் கையெழுத்தை எந்தக் கம்பனிக்காரனும் தோலில் அடிக்க மாட்டான். மான்டில் யாங்கீஸில் இறங்கியது 1951 ஏப்ரலில், 19 வயதில். எனவே இந்தக் கையுறை அதற்குப் பிறகு, விரல் கட்டைப் பார்த்தால் இன்னும் கொஞ்சம் பிந்தி, யாரோ ஒரு அமெரிக்கச் சிறுவனுக்கு வாங்கிக் கொடுத்தது. சின்ன அளவு என்பது பழமையால் வந்தது அல்ல. அது பிள்ளைகளின் கையுறை. என் விரல் இரண்டாவது மூட்டோடு நிற்கிறது.

உண்மையான 1944 கையுறை கிடைத்திருந்தால் நான் ஏழாயிரமே கொடுத்திருப்பேன். அந்த வருஷம் அப்படிப்பட்ட வருஷம். நல்ல ஆட்டக்காரர் எல்லாரும் படையில். பந்தை மின்னல் மாதிரி எறிகிற பொப் ஃபெல்லர் அலபாமா போர்க்கப்பலில் விமான எதிர்ப்புத் துப்பாக்கியில் நின்றார். ஆட்டத்தை நிறுத்த வேண்டாம், சனத்துக்குப் பொழுதுபோக்கு வேண்டும் என்று ஜனாதிபதி ரூஸ்வெல்ட் 1942 ஜனவரியிலேயே கடிதம் எழுதிவிட்டார். எனவே ஆட்டம் நடக்கிறது, ஆள் இல்லை. சின்சினாட்டி அணி 1944 ஜூன் 10 இல் ஜோ நக்ஸ்ஹோல் என்ற 15 வயதுப் பிள்ளையைப் பந்தெறிய இறக்கியது. இரண்டு பேரை ஆட்டமிழக்கச் செய்வதற்குள் 5 ஓட்டம் கொடுத்துவிட்டுப் பிள்ளை வெளியே போனான். திரும்ப அந்த மைதானத்தில் ஏற 1952 ஆகியது. ஆனால் பிறகு 1966 வரை எறிந்தார், அது வேறு. சென்ட் லூயிஸ் பிரவுன்ஸ் என்ற, வாழ்நாள் முழுக்கத் தோற்ற அணி அந்த வருஷம்தான் லீக்கை வென்றது; இரண்டு லீக்கையும் வென்ற அணிகள் மோதும் உலகத் தொடரில் அதே ஊர் கார்டினல்ஸிடம் தோற்றது. இரண்டு அணிக்கும் ஒரே மைதானம். எங்கள் ஊரில் இரண்டு கழகம் ஏகாம்பரம் மைதானத்தில் மோதுவதுபோல, இறுதிப்போட்டிக்குப் பயணமே இல்லை. ரயில்வேக்கு மிச்சம்.

எனக்கு அதைவிடப் பிடித்தது ரப்பர் விஷயம். பேஸ்போலின் நடுவில் தக்கையும் ரப்பரும் இருக்கும். 1942 இல் ஜப்பான் மலாயாவைப் பிடித்ததும் நேச நாடுகளுக்கு ரப்பர் இல்லை. பெரும்பாலும் இலங்கைத் தோட்டங்கள்தான் மிச்சம், மரம் பட்டுப்போனாலும் பரவாயில்லை என்று பால் எடுத்தார்கள். பந்து விளையாட ரப்பர் கொடுக்க முடியாது என்றது அமெரிக்க அரசு. 1943 பருவத்தை பலாட்டா என்ற வேறொரு மரப்பாலில் செய்த பந்தோடு தொடங்கினார்கள். பந்து செத்த பந்து. அடித்தால் போகவில்லை. அடிக்கிறவர்கள் கத்த, கொஞ்ச நாளிலேயே மாற்ற வேண்டி வந்தது. எங்கள் கேகாலை, களுத்துறைப் பால் டயருக்குப் போக, அங்கே பந்து மைதானத்துக்கு வெளியே பறக்கிற ஹோம் ரன் விழாமல் நின்றிருக்கிறது. ஜப்பான் விமானங்கள் சீனன்குடாவிலும் துறைமுகத்திலும் குண்டு போட்ட 1942 ஏப்ரல் 9 ஐ எங்கள் ஊரில் பெரியவர்கள் சொல்லிக்கொண்டே இருப்பார்கள். அதற்கு ஐந்து நாள் கழித்து அமெரிக்காவில் பருவம் தொடங்கியது என்பதை அவர்களுக்கு யார் சொல்வது?

மான்டிலைப் பற்றியும் ஒரு சொல். 1956 இல் லீக்கிலேயே அதிக அடிச் சராசரி .353 (ஆயிரத்துக்கு 353 அடி என்ற கணக்கு), அதிக ஹோம் ரன் 52, தன் அடியால் அணிக்கு வந்த அதிக ஓட்டம் 130, மூன்றும் அவருடையது. வாழ்நாளில் 536 ஹோம் ரன். இவ்வளவும் ஒரு காலில் என்று சொல்லலாம். முதல் வருஷமே, 1951 உலகத் தொடரில், வில்லி மேஸ் அடித்த பந்தைத் துரத்தி ஓடும்போது மைதானத்துக் கான் மூடியில் சப்பாத்து மாட்டி முழங்கால் போய்விட்டது. எங்கள் ஊர் என்.சி. வீதியில் நடக்கிறவர்களுக்கு இந்த ஆபத்தை விளக்கத் தேவையில்லை. ஆளாக வேறு சுதந்திரமும் இல்லை. அந்தக் காலத்து ஒப்பந்தப்படி ஒருவன் ஒரு கழகத்தில் சேர்ந்தால் கழகம் விட்டால்தான் போகலாம், விற்றால் விற்ற இடத்துக்குப் போக வேண்டும். 1975 வரை அந்தக் கட்டு அவிழவில்லை. ரயில்வேயில் எனக்குத் தொழிற்சங்கம் இருந்தது; மான்டிலுக்கு 1950களில் அப்படிச் சொல்லக்கூடியதாக ஒன்றும் இல்லை.

பிறகு தைக்கிற வேலை. வார்கள் காய்ந்து, தொட்டால் உடைகிற நிலை. நான் புத்திசாலித்தனம் காட்டித் தேங்காயெண்ணெய் பூசினேன். மறுநாள் காலை மேசைக்காலில் இருந்து கையுறை வரைக்கும் எறும்பு வரிசை. பஸ் நிலையத்துப் பக்கம் மரத்தின் கீழ் சப்பாத்து தைக்கிற தம்பியிடம் கொண்டுபோனேன். அவர் மணந்து பார்த்தார். "ஐயா, சமைக்கவா போறீங்கள்?" என்றார். தோலுக்கு மாட்டுக் கொழுப்புச் சேர்ந்த மெழுகுதான் என்று சொல்லித் துடைத்தெடுத்தார். அமெரிக்காவிலும் பழைய காலத்தில் கையுறைக்கு மாட்டுக் காலிலிருந்து எடுத்த எண்ணெய்தான், நூலகத்தில் வாசித்தது. தம்பி அதை வாசிக்காமலே கண்டுபிடித்துவிட்டார். பழைய வாரை ஒவ்வொன்றாக இழுத்து, எந்த ஓட்டையில் இருந்து எந்த ஓட்டைக்குப் போனது என்று தொலைபேசியில் படம் எடுத்துவிட்டுத்தான் அறுத்தார். இரண்டு நாள், தொள்ளாயிரம் ரூபா. வலைப்பக்கத்தில் ஒரு முடிச்சு வெளியே துருத்திக்கொண்டு நிற்கிறது, பந்து பட்டால் தெரியும். மற்றபடி சுத்தமான கை. செருப்புக்கு இரண்டு தடவை போயிருக்கிறேன், இனி எல்லாவற்றுக்கும் அங்கேதான்.

கட்டி முடித்ததும் பேரனுக்கு வீடியோவில் காட்டினேன். நீளமாகப் பார்த்தான்.

"அம்மப்பா, இது இடக்கையில போடுறது."

"ஓமடா."

"நான் இடக்கையால எறியிறவன்."

ஆறு மாதம் அவனோடு இருந்து பார்த்தவன் நான். அவன் சோறு தின்பதே இடக்கையால், அம்மம்மா பேசிப் பேசியும். இடக்கையால் எறிகிறவனுக்குக் கையுறை வலக்கையில் வேண்டும். நானாவைக் குறை சொல்ல முடியாது, இது என் தவறு. மான்டில் வலக்கையால் எறிந்தவர், அவர் பெயரில் வந்தது அப்படித்தான் இருக்கும்.

இப்போது அதைப் பாவிப்பது பக்கத்து வீட்டுப் பிள்ளை, பத்து வயது, பள்ளிக்கூட எல்லே அணியில் சேரத் துடிப்பவள். மதிலில் ரென்னிஸ் பந்தை எறிந்து பிடிக்கிறாள். கையுறை போட்டால் எல்லேக்குப் பழக்கம் கெடும் என்று சொல்லிப் பார்த்தேன், கேட்கவில்லை. 1943 முதல் 1954 வரை அமெரிக்காவில் பெண்களுக்குச் சம்பளம் கொடுத்து ஒரு பேஸ்போல் லீக் நடந்தது, பாவாடை கட்டி விளையாட வைத்தார்கள் என்று சொன்னேன். "பாவாடையோட சறுக்கினா முழங்கால் உரையாதா?" என்று கேட்டாள். உரைந்தது, பிள்ளை. நன்றாக உரைந்தது.

ரெகுலேற்றர் மூன்று நாள் ஓடியது. மூன்றாம் வேகத்துக்கு மேல் திருப்பினால் புகை மணம். கொண்டுபோய்க் கொடுத்ததும் பேச்சில்லாமல் எண்ணூறையும் திருப்பித் தந்தார். அங்கேயே மான்டில் கதையையும் சொன்னேன், பிறந்த வருஷத்தோடு. நானா கேட்டுவிட்டு, கொஞ்ச நேரம் மேலே அந்த வெறும் ஆணியைப் பார்த்தார்.

"அப்ப வாப்பாக்கு ஆர் ஐயா குடுத்தது?"

நடிப்பா, நிசமா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. சுனாமிக்குப் பிறகு வெளிநாட்டிலிருந்து மூட்டை மூட்டையாக வந்த நிவாரணத்தில் கம்பளிச் சட்டையும் பனிச் சப்பாத்தும் கிடந்ததை நாங்கள் எல்லாரும் பார்த்தோம். அதற்குள் ஒரு பிள்ளையின் கையுறையும் கிடந்திருக்கலாம் என்பது என் ஊகம். அதைச் சொல்ல வாய் வந்தது, சொல்லவில்லை. இரண்டாயிரத்துக்குத் திருப்பி எடுக்கவா என்றார். வேண்டாம் என்றேன்.

போகிறவர்களுக்கு: மின்சாரச் சாமான் எதையும் அங்கேயே பிளக்கில் போட்டுப் பார்த்து வாங்குங்கள், கதவோரம் ஒரு பிளக் இருக்கிறது, கேட்டால் தருவார். இரும்புச் சாமானும் தையல் மெஷின் பாகமும் நம்பி வாங்கலாம். கதையோடு வருகிற சாமானுக்குச் சொன்ன விலையில் பாதிக்குக் கீழே தொடங்குங்கள். வெள்ளிக்கிழமை ஜும்ஆ முடிந்து மூன்று மணிக்குத்தான் கதவு திறக்கும். காட் எடுக்க மாட்டார், காசு கொண்டுபோங்கள். வாசலில் மான் நின்றால் பழப்பையை மறைத்துப் பிடியுங்கள்.